உயிரெழுத்துச் சேதம்

ஹல் நகர ஆவணக் காப்பகத்தில் என் வேலை
கோதுமைப் பசையும் மெல்லிய தாளும் வைத்து
கிழிந்ததை ஒட்டுவது.
விதி ஒன்றுதான்:
தாளின் ஓட்டையை அடைக்கலாம்
எழுத்தின் ஓட்டையை அடைக்கக் கூடாது.

எண்பத்து மூன்று, மார்ச், புதன்.
கடலிலிருந்து பக்கவாட்டில் மழை.
வினிஃப்ரெட் ஹெஸ்ல்டைன், வயது எழுபத்தொன்று,
மீன் ஆலையில் முப்பது வருஷம் நின்ற கால்கள்,
கையுறையைக் கழற்றிப் பிழியப் பார்த்து
பிழியாமல் மேசைமேல் வைத்தாள்.
குழந்தைகள் இல்லத்தின் பதிவேடு வேண்டும்.
ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு.

மேட்ரனின் கை. கறுப்பு மை.
"43. பெண். பத்து மாதம். பல் இரண்டு. இங்கே அன்வ"
அப்புறம் ஈரம் தின்ற ஓர் இடம்
அப்புறம் "ன்டட்".

அன்வான்டட் என்று போட்டால் வேண்டாதவள்.
அதற்கு யாரும் அகராதி எடுத்ததில்லை.
"பதினாலு வயசில் வேலைக்கு அனுப்பினபோது
திறந்து கிடந்த பக்கத்தை
மேசைக்கு இந்தப் பக்கம் நின்று தலைகீழாகப் படித்தேன்.
ஐம்பத்தெட்டு வருஷமாக அதைத்தான் படிக்கிறேன்"
என்றாள், விலைப்பட்டியல் சொல்வதுபோல.

எட்ரிக் ஸ்பர் மாடியிலிருந்து
அகராதியைக் குழந்தை மாதிரி இடுப்பில் வைத்து இறங்கி வந்தான்.
அன்வோன்டட் என்றும் ஒன்று உண்டு, மேடம்.
வழக்கத்தில் இல்லாதது. பழகாதது.
வக்கீல் கடிதத்தில் வரும்
பாதிரியார் பிரசங்கத்தில் எப்போதாவது வரும்
பத்திரிகைக்காரன் பிழை என்று திருத்திவிடுவான்.
போன வருஷம் நகராட்சி எங்களுக்கு பிஸ்கட் அனுப்பியதே
அது அன்வோன்டட் தாராளம்.

அவள் சிரிக்கவில்லை. நான் சிரித்துவிட்டேன்.

எங்கள் மொழியில் மறுப்பு வாசலிலேயே நிற்கும்,
உள்ளே யார் இருக்கிறார் என்று பார்ப்பதற்கு முன்பே
இல்லை என்று சொல்லிவிடும்.
இந்தச் சொல்லில் அந்த வாசல்காரனை நகர்த்தினால்
உள்ளே இருப்பதை இன்று யாரும் பேசுவதில்லை.
வேரில் அதற்குக் குடியிருத்தல் என்று பொருளாம்,
ஒரு வீட்டில் இருந்து இருந்து
அதன் படிக்கட்டு இருட்டிலும் காலுக்குத் தெரிவது.

பத்து மாதப் பிள்ளை, புது இடம்,
இரவெல்லாம் அழுதிருக்கும்.
மேட்ரன் எதை எழுதியிருப்பாள்?

பூதக்கண்ணாடி வைத்தேன்.
வட்டம் இரண்டுக்கும் ஒன்றுதான்.
ஒன்றில் வால் மேலே கிளம்பி அடுத்த எழுத்தைத் தொடும்
மற்றதில் கீழே இறங்கித் தொடும்.
வட்டம் பாதி இருந்தது. வால் இருந்த இடத்தில்
தாளே இல்லை.

எட்ரிக்தான் மேலும் புரட்டினான்.
பதினான்கு, நவம்பர். அதே கை, அவசரத்தில்.
"43. சின்னம்மை தேறியது. இப்போது"
பிறகு அதே சொல்,
முன்னால் மறுப்பு இல்லாமல்.
இந்தப் பக்கத்தில் ஈரமில்லை, கிழிசலில்லை.
ஆனால் பேனா ஓடிய ஓட்டத்தில்
வால் மேலுமில்லை கீழுமில்லை
நடுவில் நேர்க்கோடாய்ப் போகிறது.

பழகிவிட்டாள்.
வேண்டியவளாகிவிட்டாள்.
எட்ரிக் இரண்டையும் மெல்லச் சொல்லிப் பார்த்தான்.
அவள் விரலை அந்த வரிக்கு மேலே, தொடாமல்,
பேனா போன திசையில் ஒருமுறை ஓட்டினாள்.
"சின்னம்மை வந்ததா எனக்கு?
டாக்டர் கேட்கும்போதெல்லாம்
தெரியாது என்றே சொல்லிவந்தேன்."

நகல் ஒன்று கேட்டாள், முதல் பக்கத்தில் மட்டும். பத்து பென்ஸ்.
இயந்திரம் கறையையும் ஓட்டையையும்
ஒரே கறுப்பாக எடுத்தது,
மிளகு அளவில்.
மடித்து பஸ் பாஸுக்குள் வைத்துக்கொண்டு
கையுறை இன்னும் காயவில்லையே என்றாள்.

சேதப் பதிவேட்டில் அன்று மாலை எழுதினேன்:
உயிரெழுத்து, ஒன்று.
செய்த பழுது: தாளுக்கு மட்டும்.